சி.ஜே. ஒபாசியின் படங்களை எங்கிருந்து தொடங்குவது? நைஜீரிய சினிமாவுக்குப் புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

2023 ஜனவரியில் அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் 'மாமி வாட்டா' என்ற கறுப்பு வெள்ளைப் படம் முதன்முதலாகத் திரையிடப்பட்டது. அதன் ஒளிப்பதிவுக்கு நடுவர் குழுவின் சிறப்பு விருதும் கிடைத்தது. எழுதி இயக்கியவர் நைஜீரியாவைச் சேர்ந்த சி.ஜே. ஒபாசி. உலக சினிமா பார்க்கும் வட்டங்களில் அவர் பெயர் பரவலாகப் புழங்க ஆரம்பித்தது அதற்குப் பிறகுதான்.

விருது பெற்ற படம் என்பதால் பலரும் நேராக அதையே தேடிப் போகிறார்கள். பார்த்துவிட்டு, 'காட்சிகள் அபாரம், கதைதான் மெதுவாக நகர்கிறது' என்று சொல்லி ஒபாசியை அத்தோடு முடித்துக்கொள்கிறார்கள். அவர் படங்களை நேசிக்கும் எனக்கு இது வருத்தமாக இருக்கிறது. அந்தப் படத்துக்கு முன்னால் ஏறத்தாழ பத்து வருட உழைப்பு இருக்கிறது. காசே இல்லாமல் எடுத்த ஜாம்பி படம், கேங்ஸ்டர் படம், அறிவியல் புனைகதைக் குறும்படம், நண்பர்களோடு சேர்ந்து எடுத்த அமானுஷ்யக் கதைத் தொகுப்பு என்று ஒவ்வொன்றாகத் தாண்டித்தான் அவர் 'மாமி வாட்டா'வுக்கு வந்தார். அதே வழியில் நாமும் போனால், மெதுவாக நகர்வதாகத் தோன்றிய கதையில் எவ்வளவு நடக்கிறது என்பது புரியும்.

கையில் என்ன இருக்கிறதோ அதற்குப் பொருத்தமான கதையை எழுதுகிறவர் ஒபாசி. ஒரு குடிசைப் பகுதி இருந்தால் அதற்குள் முடிகிற கதை, ஒரு பல்கலைக்கழக வளாகம் இருந்தால் அங்கே மட்டும் நடக்கிற கதை. பட்ஜெட் கூடக் கூட கதையின் ஆழம் கூடுகிறதே தவிர இந்தப் பழக்கம் மாறவில்லை. இதை மனதில் வைத்துக்கொண்டு பார்க்க ஆரம்பியுங்கள்.

படம் பார்க்கும் முன்: அவர் வந்த இடம்

நைஜீரியத் திரைத்துறைக்கு நாலிவுட் என்று பெயர். அதன் வரலாற்றை முழுவதும் படிக்கத் தேவையில்லை. மூன்று விஷயங்கள் தெரிந்தால் போதும்.

முதலாவது, அது தியேட்டரில் பிறந்த சினிமா அல்ல. எண்பதுகளில் நைஜீரியப் பொருளாதாரம் சரிந்தபோது தியேட்டர்கள் வரிசையாக மூடப்பட்டன. இரவில் வெளியே போகவும் மக்கள் பயந்தார்கள். பல தியேட்டர்கள் தேவாலயங்களாகவும் கிடங்குகளாகவும் மாறின. அந்த வெற்றிடத்தில் 1992-இல் வந்தது 'லிவிங் இன் பாண்டேஜ்' என்ற இக்போ மொழிப் படம். வீடியோ கேமராவில் எடுத்து, நேரடியாக வீடியோ கேசட்டில் விற்றார்கள். தயாரிப்பாளர் கென்னத் நெபூவே கேசட் வியாபாரி. தேங்கிக் கிடந்த காலி கேசட்டுகளை எப்படித் தள்ளுவது என்று யோசித்தபோதுதான் அதில் படம் பதிந்து விற்கும் எண்ணம் வந்தது என்று இன்றும் சொல்வார்கள். கதை இதுதான்: பணக்காரனாக வேண்டும் என்று ஆண்டி என்பவன் ஒரு ரகசியக் கூட்டத்தில் சேர்ந்து மனைவியைப் பலி கொடுக்கிறான். அவளுடைய ஆவி அவனை விடுவதாக இல்லை. படம் பெரும் வெற்றி. அதைத் தொடர்ந்து லாகோஸின் இடுமோட்டா, அலாபா சந்தைகளும் கிழக்கே ஒனிட்சா நகரச் சந்தையும் ஒரு தேசத்தின் சினிமாவையே சுமந்தன. படத்துக்குப் பணம் போட்டவர்கள், விற்றவர்கள், அடுத்து எந்த மாதிரிக் கதை வேண்டும் என்று சொன்னவர்கள் எல்லோரும் அந்தச் சந்தைக் கடைக்காரர்கள்தான்.

இரண்டாவது, எண்ணிக்கை. யுனெஸ்கோ 2009-இல் வெளியிட்ட கணக்கின்படி 2006-ஆம் ஆண்டில் இந்தியா 1,091 படங்கள் எடுத்தது. நைஜீரியா 872. அமெரிக்கா 485. நைஜீரியப் படங்கள் அத்தனையும் வீடியோவில் எடுத்தவை. சில வாரங்களில், சில சமயம் சில நாட்களிலேயே ஒரு படத்தை முடித்துவிடுகிற வேகத்தில் வந்த எண்ணிக்கை அது.

மூன்றாவது, நாலிவுட் ஒரே மொழிக்காரர்களின் சினிமா கிடையாது. யொரூபா, இக்போ, ஹவுசா, ஆங்கிலம், பிட்ஜின் என்று பல மொழிகளில் படங்கள் வருகின்றன. வடக்கே கானோ நகரில் ஹவுசா மொழிப் படங்களுக்குத் தனித் துறையே இருக்கிறது. அந்தப் பக்கத்து மக்கள் பல தலைமுறைகளாக இந்திப் படங்களை உயிராகப் பார்த்து வளர்ந்தவர்கள். அந்தப் படங்களின் பாட்டும் ஆட்டமும் கானோவின் படங்களில் அப்படியே தெரியும்.

2004-இல் லாகோஸில் சில்வர்பேர்டு மல்டிபிளக்ஸ் திறந்தது. அதன் பிறகு பெரிய திரைக்கான படங்கள் மெல்லத் திரும்பி வந்தன. 2016-இல் கெமி அடெடிபா இயக்கிய 'தி வெட்டிங் பார்ட்டி' பெரும் வசூலைக் குவித்தது. அதைத் தொடர்ந்து பளபளப்பான கல்யாணப் படங்கள் வரிசை கட்டின. ஒபாசியும் நண்பர்களும் எதற்கு எதிராகக் குரல் கொடுத்தார்கள் என்பது பின்னால் வரும்போது இது நினைவில் இருக்கட்டும்.

ஒபாசி தென்கிழக்கு நைஜீரியாவின் ஓவெரி நகரத்துக்காரர், இக்போ இனத்தவர். சிறுவயதில் பிரிட்டனின் ஹேமர் நிறுவனத்துப் பேய்ப் படங்களையும் ஸ்டீபன் கிங் நாவல்களையும் விழுங்கி வளர்ந்தவர். கல்லூரியில் படித்தது கணினி அறிவியல்.

செய்ய வேண்டியது: 'லிவிங் இன் பாண்டேஜ்' படத்தின் முதல் அரை மணி நேரத்தைப் பாருங்கள். படத்தின் தரத்தைக் கண்டு மூடிவிடாதீர்கள். வீட்டு வரவேற்பறையில் உட்கார்ந்து நீளமாகப் பேசும் காட்சிகளையும், பணம், பொறாமை, மாந்திரீகம் மூன்றும் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பதையும் கவனியுங்கள். இந்த மூன்றும் ஒபாசியிடம் திரும்பத் திரும்ப வரும். ஆனால் வேறு மாதிரி வரும்.

காதைப் பழக்குவது

ஒபாசியின் படங்களில் நிறைய பிட்ஜின் பேசுகிறார்கள். ஆங்கிலச் சொற்களை வைத்துக்கொண்டு மேற்கு ஆப்பிரிக்க மொழிகளின் இலக்கணத்திலும் தாளத்திலும் ஓடுகிற மொழி அது. நைஜீரியாவில் கோடிக்கணக்கானவர்களுக்கு அன்றாடப் பேச்சு. உடைந்த ஆங்கிலம் என்று நினைத்துக் கேட்டால் பாதி நயம் போய்விடும்.

சப்டைட்டிலை மட்டும் நம்பாமல் சில சொற்களைத் தெரிந்துவைத்துக்கொண்டால் நல்லது. 'வெட்டின்' என்றால் என்ன. 'டே' என்பது இருக்கிறது, நடந்துகொண்டிருக்கிறது என்ற பொருளில் வினைக்கு முன்னால் வரும். 'ஊனா' என்றால் நீங்கள் எல்லோரும். 'பிக்கின்' குழந்தை. 'அபெக்' என்பது தயவுசெய்து, கொஞ்சம் விடுப்பா, இரண்டுக்கும் வரும். 'வஹாலா' தொல்லை. 'ஓகா' முதலாளி, பெரியவர். 'சாபி' தெரிந்திருப்பது. ஒரு படம் முடிவதற்குள் இவை எல்லாம் தானாகக் காதில் ஒட்டிக்கொள்ளும்.

ஒரு காட்சியைச் சப்டைட்டிலோடு பார்த்துவிட்டு, அதையே சப்டைட்டில் இல்லாமல் மறுபடி பாருங்கள். யார் யாரிடம் எப்போது பிட்ஜினிலிருந்து சுத்த ஆங்கிலத்துக்குத் தாவுகிறார்கள் என்பது கேட்க ஆரம்பிக்கும். படிப்பு, அந்தஸ்து, அதிகாரம் எல்லாம் அந்தத் தாவலில் தெரியும். ஒபாசியின் வசனங்களில் பாதி வேலை அங்கேதான் நடக்கிறது.

முதல் படம்: ஓஜூஜூ (2014)

பட்ஜெட் கிட்டத்தட்ட ஒன்றுமே இல்லை. நண்பர்கள், கிடைத்த கேமரா, உண்மையான ஒரு குடியிருப்பு. லாகோஸில் நடக்கும் ஆப்பிரிக்க சர்வதேசத் திரைப்பட விழாவில் அந்த வருடம் சிறந்த நைஜீரியப் படத்துக்கான விருது இதற்குத்தான்.

ஏழைகள் நெருக்கியடித்து வாழும் பகுதி. உள்ளே போகவும் வெளியே வரவும் ஒரே வழி. குடிக்கவும் ஒரே நீர் ஆதாரம். அந்தத் தண்ணீர் கெட்டுப்போகிறது. குடித்தவர்கள் ஒவ்வொருவராக மாறுகிறார்கள். கதாநாயகன் பெயர் ரொமேரோ. ஜாம்பி படங்களின் தந்தை என்று கொண்டாடப்படும் அமெரிக்க இயக்குநர் ஜார்ஜ் ரொமேரோவுக்குச் செலுத்திய மரியாதை அது. நடித்தவர் கேப்ரியல் அஃபோலயன்.

பொதுவாக ஜாம்பி படங்களில் நோய் எங்கிருந்து வந்தது என்று ஒரு ஆய்வுக்கூடத்தைக் காட்டுவார்கள். இங்கே காரணம் தண்ணீர். நைஜீரியாவில் பாதுகாப்பான குடிநீர் எத்தனையோ பேருக்கு எட்டாத பொருள். காலரா அடிக்கடி வந்துபோகிறது. ஆகவே நாட்டின் உண்மையான ஒரு பிரச்சினையை எடுத்து அப்படியே பேய்க்கதையின் அச்சாணியாக வைத்துவிட்டார். செலவும் இல்லை, பொருளும் கனமாகிவிட்டது. 'ஒரே வழி, ஒரே கிணறு' என்று கதையின் இடத்தைச் சுருக்கியதால் கூட்டம் தேவையில்லை, பெரிய செட் தேவையில்லை. பயம் மட்டும் இறுகிக்கொண்டே போகிறது. எழுத்தாளராக ஒபாசியைப் புரிந்துகொள்ள இதைவிட நல்ல இடம் இல்லை.

முதல் இருபது நிமிடம் ஒன்றும் நடக்காத மாதிரி இருக்கும். தெருவில் நின்று பேசுகிறார்கள், கேலி செய்கிறார்கள், புகைக்கிறார்கள். தாண்டிவிடாதீர்கள். அந்தத் தெருவின் முகங்கள் பழகினால்தான் அவை பின்னால் மாறும்போது வலிக்கும். சில இடங்களில் ஒலி சரியாக இல்லை, சில நடிப்பு முரடாக இருக்கிறது. அது படத்தின் குறைதான், மறைக்க வேண்டியதில்லை. ஆனால் தண்ணீர் குடிக்கும் காட்சிகளை மட்டும் எண்ணிக்கொண்டே பாருங்கள். யார் எப்போது குடிக்கிறார்கள், யார் குடிக்காமல் தள்ளிப்போடுகிறார்கள் என்பதில் எழுத்தின் கட்டுமானம் முழுவதும் இருக்கிறது.

ஓ-டவுன் (2015): பிறகு பார்க்கலாம்

தன் சொந்த ஊரான ஓவெரியின் சாயலில் ஒரு நகரத்தை வைத்து எடுத்த கேங்ஸ்டர் படம். மேலே வரத் துடிக்கும் ஒரு சில்லறை மோசடிக்காரன், நகரத்தைக் கையில் வைத்திருக்கும் ஒரு தலைவர். அமெரிக்கக் குற்றப் படங்கள் மீது ஒபாசிக்கு இருக்கும் காதல் இதில் அதிகமாகவே தெரிகிறது. எனக்கு இது அவருடைய படங்களிலேயே இரவல் சரக்கு அதிகம் உள்ள படமாகத் தோன்றுகிறது. தொடக்கத்திலேயே பார்க்க வேண்டிய கட்டாயம் இல்லை. மற்றதெல்லாம் பார்த்த பிறகு வந்தால், அவர் எதையெல்லாம் கைவிட்டார் என்பது நன்றாகத் தெரியும்.

ஹலோ, ரெயின் (2018): குறும்படம்

நைஜீரியப் பெற்றோருக்கு அமெரிக்காவில் பிறந்த எழுத்தாளர் நெடி ஒகோராஃபோரின் 'ஹலோ, மோட்டோ' என்ற சிறுகதையை வைத்து எடுத்தது. ஜெர்மனியின் ஓபர்ஹவுசன் குறும்பட விழாவில் முதலில் காட்டினார்கள். ரெயின் என்ற பெண் விஞ்ஞானியும் கூட, மாந்திரீகம் தெரிந்தவளும் கூட. இரண்டையும் கலந்து சக்தி தரும் 'விக்' தயாரிக்கிறாள். தனக்கொன்று, இரண்டு தோழிகளுக்கும் ஆளுக்கொன்று. தோழிகள் அந்தச் சக்தியைத் தவறாகப் பயன்படுத்த ஆரம்பிக்கிறார்கள். உருவாக்கியவளே தடுத்தாக வேண்டும்.

இதற்கு ஒரு வேலை வைத்திருக்கிறேன். முதலில் சிறுகதையைப் படியுங்கள். இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது, சில பக்கங்கள்தான். அதன் பிறகு படத்தைப் பார்த்து, எது வெட்டப்பட்டது, எது சேர்க்கப்பட்டது, கதைசொல்லியின் குரலில் இருந்தது எங்கே நிறமாக மாறியது என்று ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள். மற்றொருவரின் கதையைக் கையில் எடுக்கும்போது ஒபாசி என்ன செய்கிறார் என்று பார்க்கக் கிடைக்கும் நல்ல வாய்ப்பு இது. நிறங்களையும் கவனியுங்கள். பச்சை, ஊதா, சிவப்பு என்று கண்ணைப் பறிக்கும். ஐந்தே வருடத்தில் இதே மனிதர் நிறத்தையே முழுவதும் துறந்து ஒரு படம் எடுக்கப்போகிறார்.

நண்பர்கள் மூவர்: ஜூஜூ ஸ்டோரீஸ் (2021)

அபா மகாமா, மைக்கேல் ஓமோனுவா, ஒபாசி மூவரும் சேர்ந்து 'சர்ரியல் 16' என்ற பெயரில் ஒரு குழு அமைத்தார்கள். டென்மார்க் இயக்குநர்கள் 1995-இல் 'டாக்மா' என்று விதிகள் வகுத்துக்கொண்டு படம் எடுத்ததைப் போல, இவர்களும் தங்களுக்கு 16 விதிகள் எழுதிக்கொண்டார்கள். அவற்றில் ஒன்று, கல்யாணப் படம் எடுக்கக்கூடாது. 2016-க்குப் பிறகான லாகோஸ் தியேட்டர்களைத் தெரிந்தவர்களுக்கு அந்த விதியின் சூடு புரியும். பின்னர் லாகோஸில் தங்கள் பெயரிலேயே ஒரு சிறு திரைப்பட விழாவையும் தொடங்கினார்கள்.

மூவரும் ஆளுக்கொரு கதையாக எடுத்த தொகுப்புதான் 'ஜூஜூ ஸ்டோரீஸ்'. ஜூஜூ என்றால் மாந்திரீகம், செய்வினை, தாயத்து எல்லாம் சேர்ந்தது. சுவிட்சர்லாந்தின் லொகார்னோ விழாவில் 2021-இல் போட்டிப் பிரிவில் இடம்பெற்று, அங்கே சுயேச்சை விமர்சகர்கள் தரும் 'பொக்கலீனோ தோரோ' விருதைச் சிறந்த படத்துக்காகப் பெற்றது.

ஓமோனுவாவின் முதல் கதையில் ஒருத்தி வசிய மருந்தால் ஒருவனின் காதலைப் பெறுகிறாள். மகாமாவின் இரண்டாவது கதைக்கு வேர் நைஜீரியப் பிள்ளைகள் எல்லோரும் கேட்டு வளர்ந்த ஒரு எச்சரிக்கை: தெருவில் கிடக்கும் பணத்தை எடுத்தால் சேனைக்கிழங்கு மாதிரியான யாம் கிழங்காக மாறிவிடுவாய். கதை அதை அப்படியே நடத்திக் காட்டுகிறது. மூன்றாவது ஒபாசியுடையது, 'சஃபர் த விட்ச்'. பல்கலைக்கழக மாணவி சின்வே, ஜாய் என்ற பெண்ணோடு பழகுகிறாள். வளாகம் முழுவதும் ஜாயைச் சூனியக்காரி என்கிறது. நட்பு எங்கே முடிகிறது, பிடித்து வைத்துக்கொள்ளும் வெறி எங்கே தொடங்குகிறது என்பதுதான் கேள்வி.

எல்லாவற்றையும் வரிசையாகப் பார்க்க நேரமில்லாத புதியவர்களுக்கு நான் முதலில் போட்டுக் காட்டச் சொல்வது இந்த மூன்றாவது கதையைத்தான். நீளம் குறைவு. நடிகைகள் நெங்கி அடோக்கி, புக்கோலா ஒலாடிபுபோ இருவரும் அற்புதம். விடுதி அறை, வகுப்பறை, இரண்டு மூன்று முகங்கள், இவ்வளவுதான் சரக்கு. ஜாய் உண்மையிலேயே சூனியக்காரியா என்று கடைசிவரை மனம் அலைந்துகொண்டே இருக்கும்.

சூனியக்காரி என்ற பழி நைஜீரியாவில் கதையோடு நிற்பதில்லை என்பதையும் தெரிந்துகொண்டு பாருங்கள். நாட்டின் தெற்கே, குறிப்பாக அக்வா இபோம், கிராஸ் ரிவர் மாநிலங்களில் குழந்தைகள் மீதே இந்தப் பழியைச் சுமத்தி வீட்டைவிட்டுத் துரத்திய கொடுமைகள் பதிவாகியிருக்கின்றன. பழைய நாலிவுட் வீடியோ படங்கள் பலவற்றில் சூனியக்காரி என்றால் தீயவள், கடைசியில் பாதிரியார் வந்து ஜெபித்து அழிப்பார். ஒபாசி அந்தப் பெண்ணின் பக்கத்தில் போய் உட்கார்ந்து அவள் தனிமையைக் காட்டுகிறார். இந்த ஒரு மாற்றத்துக்குள் அவர் அரசியல் முழுவதும் இருக்கிறது.

இப்போது மாமி வாட்டா (2023)

இதற்கு ஒரு சின்னத் தயாரிப்பு தேவை. மாமி வாட்டா என்பது மேற்கு ஆப்பிரிக்கக் கடற்கரை நெடுகிலும் வணங்கப்படும் நீர்த் தெய்வம். அழகு, செல்வம், குணமாக்கும் சக்தி, கோபம் எல்லாம் உள்ளவள். நீர்த் தெய்வங்களின் வழிபாடு அங்கே மிகப் பழையது. ஆனால் நீண்ட கூந்தலோடு, உடலில் பாம்பு சுற்றிய பெண்ணாக அவளைக் காட்டும் பிரபலமான உருவத்தின் கதை வேறு. 1880-களில் ஜெர்மனியின் ஹாம்பர்க்கில் ஒரு பாம்பாட்டிப் பெண்ணின் காட்சிக்காக அச்சிட்ட வண்ணப் படம் அது. கப்பலேறி மேற்கு ஆப்பிரிக்காவுக்கு வந்தது. 1901-க்குள்ளேயே நைஜர் டெல்டாவில் அந்த உருவத்தைப் பார்த்து மரத்தில் செதுக்கிவிட்டார்கள். 1955-இல் அந்தப் படத்தை மறுபடி 12,000 பிரதிகள் அச்சடித்துக் கொடுத்தது பம்பாயின் ஸ்ரீராம் காலண்டர் கம்பெனி. நம் ஊர் காலண்டர் சாமி படங்களும் அதே வழியில் அங்கே போய்ச் சேர்ந்தன. டோகோ, பெனின் நாடுகளில் மாமி வாட்டா சன்னதிகளில் லட்சுமி, சிவன், அனுமன் படங்களையும் வைத்து வழிபடுவதை கலை வரலாற்றாசிரியர் ஹென்றி ட்ரூவல் விரிவாக எழுதியிருக்கிறார். தெய்வம் கடல் தாண்டி வருவாள், வெளியே இருந்து வரும் படங்களையும் பொருள்களையும் தனதாக்கிக்கொள்வாள் என்பது அங்குள்ள நம்பிக்கையோடு ஒத்துப்போகிறது. கடலிலிருந்து கரை ஒதுங்கும் ஒருவனால்தான் இந்தப் படத்தின் கதையும் திரும்புகிறது.

இயி என்ற கற்பனைக் கிராமம். தெய்வத்துக்கும் மக்களுக்கும் இடையில் நிற்பவள் மாமா எஃபே. மக்கள் தருவதை வாங்கிக்கொள்கிறாள், அவர்களுக்காகத் தெய்வத்திடம் பேசுகிறாள். நோய் வந்து ஒரு சிறுவன் இறந்துபோகிறான். மகள் ஜின்வேயின் நம்பிக்கை ஆட்டம் காண்கிறது. மாமா எஃபே எடுத்து வளர்த்த பிரிஸ்காவுக்கு ஏற்கெனவே சந்தேகங்கள் உண்டு. பள்ளிக்கூடம் எங்கே, ஆஸ்பத்திரி எங்கே, மின்சாரம் எங்கே என்று ஜாபி என்பவன் ஊரைக் கிளப்புகிறான். அந்த நேரத்தில் ஒரு கலகப்படையிலிருந்து தப்பியோடிய ஜாஸ்பர் கரையில் ஒதுங்குகிறான்.

இதைப் பகுத்தறிவுக்கும் மூடநம்பிக்கைக்குமான மோதல் என்று எடுத்துக்கொண்டால் படம் கையைவிட்டுப் போய்விடும். ஆஸ்பத்திரி கேட்பவர்கள் கேட்பது நியாயம்தான். படமும் அதை மறுக்கவில்லை. ஆனால் பெண்கள் கையில் இருந்த அதிகாரத்தை முன்னேற்றத்தின் பேரில் பறிக்கிறவர்கள் கையில் என்ன கொண்டு வருகிறார்கள் என்று பாருங்கள். ஆஸ்பத்திரி வருவதற்குள் துப்பாக்கி வந்துவிடுகிறது. காலனிய ஆட்சிக்குப் பிந்தைய மேற்கு ஆப்பிரிக்காவின் ராணுவப் புரட்சிகளையும் உள்நாட்டுப் போர்களையும் அறிந்த ஒருவர் எழுதிய கதை இது. ஒரு சின்னக் கிராமத்துக்குள் ஒரு கண்டத்தின் வரலாற்றை வைத்துவிட்டார். 'ஓஜூஜூ'வின் ஒரே தெரு இங்கே ஒரே கடற்கரையாகியிருக்கிறது.

படப்பிடிப்பு அண்டை நாடான பெனினில் நடந்தது. ஒளிப்பதிவு செய்தவர் பிரேசிலைச் சேர்ந்த லீலிஸ் சொவாரெஸ், கறுப்பினப் பெண். கறுப்புத் தோலைக் கறுப்பு வெள்ளையில் இப்படி ஒளியேற்றி நான் வேறெங்கும் பார்த்ததில்லை. இரவுக் காட்சிகளில் முகங்கள் இருளில் கரைந்துபோகாமல் தனி ஒளியோடு நிற்கின்றன. முகத்தில் வெள்ளைப் புள்ளிகளும் கோடுகளும், கூந்தலில் சோழிகள், துணிகளில் கட்டம் கட்டமான வடிவங்கள் எல்லாமே நிறம் இல்லாத திரைக்காகவே தேர்ந்தெடுக்கப்பட்டவை. இசை துண்டே ஜெகெடே. மேற்கு ஆப்பிரிக்காவின் கோரா, ஐரோப்பாவின் செல்லோ இரண்டும் வாசிப்பவர்.

எப்படிப் பார்ப்பது? தயவுசெய்து போனில் வேண்டாம். அறையை இருட்டாக்குங்கள். திரையின் வெளிச்சத்தைக் கொஞ்சம் கூட்டுங்கள், இல்லாவிட்டால் கறுப்புக்குள் இருக்கும் கறுப்பு தெரியாது. நல்ல ஹெட்போனாவது வேண்டும், அலையின் சத்தம் ஒரு கதாபாத்திரம் மாதிரி வந்துகொண்டே இருக்கும். முதல் பதினைந்து நிமிடம் கதையைத் துரத்தாமல் முகங்களையும் அலையையும் மட்டும் பாருங்கள். மறுநாள் இரண்டாவது முறை பார்க்கும்போது வசனத்தைக் கவனியுங்கள். மாமா எஃபே எப்போது பேசாமல் இருக்கிறாள் என்பதையும் சேர்த்து.

ஆஸ்கர் பற்றியும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் மொழி விஷயம் அதில் இருக்கிறது. ஆஸ்கரில் ஆங்கிலம் அல்லாத மொழிப் படங்களுக்கான பிரிவுக்கு 2019-இல் நைஜீரியா முதன்முதலாக அனுப்பிய படம் ஜெனிவீவ் நாஜி இயக்கிய 'லயன்ஹார்ட்'. வசனம் பெரும்பாலும் ஆங்கிலம் என்று சொல்லி அகாடமி அதை நிராகரித்தது. ஆங்கிலம்தான் நைஜீரியாவின் ஆட்சி மொழி என்பதால் பெரிய வாக்குவாதம் எழுந்தது. 2023-இல் நைஜீரியா அனுப்பியது 'மாமி வாட்டா'வை. அதன் முக்கிய மொழி பிட்ஜின், இடையிடையே பெனினில் பேசும் ஃபோன் (Fon) என்ற மொழி. பரிந்துரைப் பட்டியலுக்குள் வரவில்லை. ஆனாலும் தெருவில் பேசும் மொழியில் எழுதிய படத்தை ஒரு நாடு தன் சார்பாக அனுப்பியது என் பார்வையில் பெரிய விஷயம்.

எழுத ஆசைப்படுகிறவர்களுக்கு ஒரு பயிற்சி

திரைக்கதை எழுத நினைப்பவர்கள் ஒபாசியிடம் எடுத்துக்கொள்ள நிறைய இருக்கிறது. இப்படிச் செய்து பாருங்கள். உங்களுக்குக் காசில்லாமல் கிடைக்கக்கூடிய இடம் எது? ஒரு மொட்டை மாடியா, மூடிய ரைஸ் மில்லா, பேருந்து நிலையமா? அதை எழுதிக்கொள்ளுங்கள். அங்கே உள்ளே வர எத்தனை வழி, வெளியே போக எத்தனை வழி? அந்த இடத்தில் இருப்பவர்கள் எதை நம்பி வாழ்கிறார்கள்? தண்ணீரா, ஒரு மனிதரா, ஒரு நம்பிக்கையா? அந்த ஒன்று ஒருநாள் கெட்டுப்போனால்? 'ஓஜூஜூ', 'மாமி வாட்டா' இரண்டின் எலும்புக்கூடும் இந்தக் கேள்விதான்.

அப்புறம், உங்கள் ஊரில் பிள்ளைகளைப் பயமுறுத்தச் சொல்லும் கதைகளில் ஒன்றை எடுத்து, அதில் கெட்டவராகச் சொல்லப்படும் ஆளின் பக்கமிருந்து மூன்று பக்கம் எழுதுங்கள். வசனத்தை ஊர்ப் பேச்சிலேயே எழுதுங்கள். முடிவை எழுத வேண்டாம். இந்த மூன்று பக்கத்திலேயே கதை நிற்கிறதா விழுகிறதா என்று தெரிந்துவிடும்.

இன்னொன்று, தனியாகச் செய்யாதீர்கள். ஒபாசியின் படங்களைத் தயாரித்தவர் அவருடைய மனைவி ஓகே ஒபாசி. 'மாமி வாட்டா' எண்ணத்திலிருந்து திரைக்கு வர ஏழு வருடம் போல ஆனது. பல நாட்டு நிதிகளையும் பட்டறைகளையும் தேடித் தேடிச் சேர்த்த பணம் அது. விண்ணப்பம் எழுதுகிற, கணக்குப் பார்க்கிற, மறுக்கப்பட்ட பிறகு மறுபடி அனுப்புகிற ஒருவர் கூட இல்லாவிட்டால் அந்தத் திரைக்கதை காகிதமாகவே கிடந்திருக்கும். இயக்குநரின் பெயரைத் தேடும்போது தயாரிப்பாளர் பெயரையும் தேடுங்கள்.

எங்கே கிடைக்கும், அடுத்து என்ன

ஓடிடி தளங்களில் இந்தப் படங்கள் வரும், போகும். ஒரு தளத்தில் இன்று இருப்பது அடுத்த மாதம் இருக்காது. ஆகவே படத்தின் பெயரைப் போட்டு, உங்கள் நாட்டில் எந்தத் தளத்தில் வாடகைக்குக் கிடைக்கிறது என்று காட்டும் தேடல் தளங்களில் அவ்வப்போது பாருங்கள். சென்னை, திருவனந்தபுரம், கோவா விழாக்களின் பட்டியலில் ஆப்பிரிக்கப் படங்களைத் தேடுங்கள். திரைப்படச் சங்கம் வைத்திருப்பவர்கள் விநியோகஸ்தருக்கு நேரடியாகக் கடிதம் எழுதினால், சிறிய கட்டணத்துக்குத் திரையிட அனுமதி கிடைக்கலாம். திருட்டுப் பிரதியில் 'மாமி வாட்டா'வைப் பார்த்தால் அந்தக் கறுப்பெல்லாம் சாம்பல் நிறமாகிவிடும். ஒளிப்பதிவுக்கு விருது வாங்கிய படத்தை அப்படிப் பார்த்துப் பயனில்லை.

ஒபாசி பிடித்துவிட்டால், அடுத்து அபா மகாமாவின் 'தி லாஸ்ட் ஒகோரோஷி' (2019) பாருங்கள். செக்யூரிட்டி வேலை பார்க்கும் ஒருவன் ஒருநாள் காலை எழுந்தால் இக்போ முகமூடி ஆவியாக மாறியிருக்கிறான், அப்படியே லாகோஸ் தெருக்களில் நடக்கிறான். சிரிப்பும் சோகமும் ஒன்றாக வரும். அதன் பிறகு ஆரி, சூகோ எசிரி என்ற இரட்டைச் சகோதரர்கள் எடுத்த 'எயிமோஃபே' (2020). வெளிநாடு போகத் துடிக்கும் இரண்டு பேரின் கதை. மாந்திரீகமே இல்லாத, மிகவும் அமைதியான படம். கடைசியாக யொரூபா சினிமாவின் மூத்தவர் துண்டே கெலானியின் 'சவொரோய்டே' (1999). ராணுவ ஆட்சிக் காலத்து அரசியலை ஒரு அரசன், ஒரு முரசு, ஒரு கிரீடம் வைத்துச் சொன்னவர். 'மாமி வாட்டா'வின் கிராமத்துக்கு முன்னோடியான ஊர் ஒன்று அந்தப் படத்தில் இருக்கிறது. இரண்டையும் அடுத்தடுத்த நாட்களில் பார்க்க முடிந்தால் இன்னும் நல்லது.